ஊசிக்கு முன் மருந்துப் பை

லூபஸ், முடக்குவாதம், சொரியாசிஸோடு சேர்ந்து வரும் மூட்டுநோய், தைராய்டு சுரப்பியைத் தாக்கும் ஹாஷிமோட்டோ என்று தன்னுடல் தாக்குநோய்களில் எத்தனையோ வகை உண்டு. இவற்றில் ஏதோ ஒன்று தனக்கு இருப்பதாகத் தெரிந்த நாளிலிருந்து தடுப்பூசி என்றாலே ஒதுங்கிக்கொள்பவர்கள் பலர். 2021 பிப்ரவரி 24 அன்று மலேசியாவில் கோவிட் தடுப்பூசித் திட்டம் தொடங்கியபோது, "ஏற்கெனவே என் எதிர்ப்புச் சக்தி என்னையே தாக்குகிறது, அதை இன்னும் கிளறிவிடலாமா?" என்ற கேள்வி பரவலாக எழுந்தது. நியாயமான கேள்வி. ஆனால் நோயின் பெயரை மட்டும் கேட்டுவிட்டு யாரும் அதற்குப் பதில் சொல்லிவிட முடியாது. உங்கள் மருந்துப் பையில் என்ன இருக்கிறது, போடப்போகும் ஊசிக்குள் உயிருள்ள கிருமி இருக்கிறதா என்ற இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் பதில் கிடைக்கும். லூபஸ் உள்ள இருவரில் ஒருவருக்கு எந்த ஊசியும் போடலாம். இன்னொருவருக்குச் சில ஊசிகளைப் பக்கத்திலேயே கொண்டுவரக் கூடாது. வித்தியாசம் அவர்கள் விழுங்கும் மாத்திரையில் இருக்கிறது.

கேமரன் மலையில் வாழ்பவர்கள் இதைத் தாங்களே தெரிந்துவைத்திருக்க வேண்டியதற்கு ஒரு காரணம் உண்டு. இந்த நோய்களைப் பார்க்கும் சிறப்பு மருத்துவர்கள் பெரிய நகரங்களின் மருத்துவமனைகளில் இருக்கிறார்கள். ஹாபுவிலிருந்தோ சுங்கை பாலாஸிலிருந்தோ ஒருவர் சிம்பாங் பூலாய் வழியாக ஈப்போவுக்கு இறங்கி ஏறினால் ஒரு நாள் சம்பளம் போயிற்று; மழைக்காலத்தில் மண் சரிந்து சாலை அடைபட்டால் கிடைத்த தேதியும் போயிற்று. ஆகவே மருத்துவரைப் பார்ப்பது சில மாதங்களுக்கு ஒருமுறைதான். ஊசியோ மலையிலேயே போடப்படுகிறது: தானா ராத்தாவின் சுல்தானா ஹாஜா கல்சோம் மருத்துவமனையில், அரசு சுகாதாரக் கிளினிக்கில், பிரிஞ்சாங் கடைத்தெருவில் உள்ள தனியார் கிளினிக்கில். ஊசி போடும் தாதியின் முன்னால் உங்கள் ஈப்போக் கோப்பு இருக்காது. "ஏதாவது நோய் இருக்கா?" என்று அவர் கேட்கும்போது "மூட்டுவலிதான்" என்று சொல்லிக் கையை நீட்டினால், அவர் தெரிந்துகொள்ள வேண்டியது எதுவும் அவருக்குத் தெரியவராது.

ஊசியின் வகையிலிருந்து தொடங்குவோம். பெரும்பாலான தடுப்பூசிகளில் உயிருள்ள கிருமி கிடையாது. கொல்லப்பட்ட கிருமியோ, அதன் ஒரு துண்டோ, அந்தத் துண்டைச் செய்யச் சொல்லும் குறிப்போதான் இருக்கும். ஃப்ளூ ஊசி, நிமோனியாவைத் தடுக்கும் நிமோகாக்கல் ஊசி, ஹெபடைட்டிஸ் பி, டெட்டனஸ், பள்ளியில் 13 வயதுப் பெண்களுக்குப் போடப்படும் எச்.பி.வி., ஃபைசர், சினோவாக் முதலான கோவிட் ஊசிகள் எல்லாம் இந்த வகை. அஸ்ட்ராசெனகாவில் ஒரு வைரஸ் இருந்தாலும் அது உடலில் பெருக முடியாதபடி செய்யப்பட்டது. அதையும் இதே கணக்கில் சேர்க்கலாம். இவை எதுவும், எவ்வளவு பலமான மருந்து சாப்பிடுபவருக்கும், தான் தடுக்க வந்த நோயையே கொடுத்துவிட முடியாது. மற்ற வகை, பலவீனப்படுத்தப்பட்டாலும் உயிருள்ள கிருமியைக் கொண்டது: தட்டம்மை, புட்டாளம்மை, ரூபெல்லா மூன்றுக்குமான எம்.எம்.ஆர்., சின்னம்மை ஊசி, காசநோய்க்கான பி.சி.ஜி., வாய்வழிப் போலியோ சொட்டு, மஞ்சள் காய்ச்சல் ஊசி, இப்போது தனியார் கிளினிக்குகளில் கிடைக்கும் டெங்கி ஊசியான கியூடெங்கா. எதிர்ப்புச் சக்தி அடக்கப்பட்ட உடலில் இந்தக் கிருமி கட்டுக்கடங்காமல் பெருகக்கூடும். தன்னுடல் தாக்குநோயாளிகளுக்கு ஊசியால் வரும் உண்மையான ஆபத்தில் பெரும்பகுதி இந்த ஒரு மூலையில்தான் இருக்கிறது. அக்கிக்கும் முன்பு உயிருள்ள ஊசிதான் இருந்தது. இப்போதுள்ள ஷிங்ரிக்ஸ் உயிரற்றது. டோஃபாசிட்டினிப் போன்ற மாத்திரை சாப்பிடுபவர்களுக்கு அக்கி வரும் வாய்ப்பு கூடுவதால், அவர்களுக்கு அந்த ஊசி பரிந்துரைக்கவே படுகிறது.

இனி மருந்துப் பை. ஹைட்ராக்சிகுளோரோகுவினும் சல்ஃபசலசினும் எதிர்ப்புச் சக்தியை அவ்வளவாக அடக்குவதில்லை. ஊசிக்காக அவற்றை நிறுத்தத் தேவையில்லை. தைராய்டுக்கான தைராக்சின் மாத்திரைக்கும் எதிர்ப்புச் சக்திக்கும் சம்பந்தமே இல்லை. ஹாஷிமோட்டோ மட்டும் உள்ளவர் ஊசி விஷயத்தில் மற்ற எவரையும் போலத்தான். பிரெட்னிசோலோன் என்ற ஸ்டீராய்டில் அளவுதான் பேச்சு. நாளொன்றுக்கு 20 மில்லிகிராமோ அதற்கு மேலோ, அதாவது 5 மில்லிகிராம் மாத்திரையில் நான்கோ அதற்கு மேலோ, இரண்டு வாரத்துக்குக் குறையாமல் சாப்பிட்டிருந்தால் உயிருள்ள ஊசி கூடாது. நிறுத்திய பிறகும் ஒரு மாதமாவது பொறுக்க வேண்டும். அதே அளவில் இருக்கும்போது ஃப்ளூ ஊசியைத் தள்ளிப்போடாமல் போட்டுவிடலாம். மற்ற உயிரற்ற ஊசிகளை அளவு குறையும்வரை தள்ளிவைக்கச் சொல்கிறது அமெரிக்க மூட்டுநோய்க் கல்லூரியின் 2022ஆம் ஆண்டு வழிகாட்டுதல். ஆபத்து என்பதால் அப்படிச் சொல்லவில்லை. அப்போது போட்டால் பலன் குறைவு என்பதுதான் காரணம். மெத்தோட்ரெக்சேட், அசத்தியோபிரின், மைக்கோஃபினோலேட், அடாலிமுமாப் போன்ற ஊசிமருந்துகள், ரிட்டுக்சிமாப் இவற்றில் எது இருந்தாலும் உயிருள்ள ஊசிக்குச் சிறப்பு மருத்துவரின் சம்மதம் இல்லாமல் கையை நீட்டக் கூடாது.

பையில் இருந்தும் கணக்கில் வராத ஒன்றும் உண்டு. மூட்டுவலி பறந்துபோகும் என்று சந்தையிலும் இணையத்திலும் விற்கும் ஜாமு பொட்டலங்கள், "இயற்கை" மாத்திரைகள் பலவற்றில் டெக்சாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டு கலந்திருப்பதை மலேசியாவின் தேசிய மருந்து ஒழுங்குமுறை நிறுவனம் திரும்பத் திரும்பக் கண்டுபிடித்து எச்சரித்துவருகிறது. இரண்டு நாளில் வலி மாயமாய் மறைந்து, சில வாரங்களில் முகம் உருண்டு வீங்கினால் அந்தப் பொட்டலத்தைச் சந்தேகியுங்கள். அதைச் சாப்பிடுபவர் தன்னை "மருந்து எதுவும் எடுக்காதவர்" என்று நினைத்துக்கொண்டு உயிருள்ள ஊசிக்குப் போய் நிற்பார். நாட்டு மருந்தைச் சொல்ல வெட்கப்பட்டு மறைப்பது, ஊசி விஷயத்தில், மெத்தோட்ரெக்சேட்டை மறைப்பதற்குச் சமம்.

முதல் ஆட்சேபத்துக்கு வருவோம்: ஊசி நோயைக் கிளறாதா? இதைக் கருத்தாகப் பேசிக்கொண்டிருக்காமல் எண்ணிப் பார்த்தவர்கள் இருக்கிறார்கள். நரம்புறையைத் தாக்கும் மல்டிபிள் ஸ்கிளரோசிஸ் நோயில் திடீர் மறுதாக்குதல் வந்த 643 பேரை ஐரோப்பிய ஆய்வாளர்கள் எடுத்துக்கொண்டு, தாக்குதலுக்கு முந்தைய மாதங்களில் அவர்கள் ஊசி போட்டிருந்தார்களா என்று பார்த்தார்கள். அதே நபரின் அமைதியான காலத்தோடு ஒப்பிட்டபோது ஊசிக்குப் பின் தாக்குதல் கூடவில்லை என்று 2001இல் வெளியிட்டார்கள். கோவிட் காலத்தில் ஐரோப்பியப் பதிவேடு ஒன்று 5,121 மூட்டுநோயாளிகளின் விவரத்தைத் திரட்டியது. அவர்களில் பத்தில் ஒன்பது பேருக்கு இருந்தது அழற்சி வகை நோய். அந்த வகையினரில் ஊசிக்குப் பின் நோய் தலைதூக்கியது 4.4 சதவீதம் பேருக்கு, கடுமையாகத் தலைதூக்கியது 0.6 சதவீதம் பேருக்கு. லூபஸ் நோயாளிகள் 696 பேரிடம் கேட்ட இன்னொரு ஆய்வில் 3 சதவீதம். இந்தப் பதிவேடுகளில் ஊசி போடாத ஒப்பீட்டுக் குழு இல்லையே என்று கேட்டால், கேட்பது சரிதான். ஆனால் அந்தக் குறை எந்தப் பக்கம் சாய்க்கிறது என்று பாருங்கள். லூபஸும் முடக்குவாதமும் ஊசி இல்லாமலும் அவ்வப்போது கிளம்பும் நோய்கள். ஊசி போட்ட அதே வாரங்களில் தற்செயலாகக் கிளம்பியவையும் இந்த 4.4இலும் 3இலும் அடங்கியிருக்கின்றன. உண்மையில் ஊசியால் வந்தவை அதைவிடக் குறைவாகத்தான் இருக்க முடியும். எதிர்த் தட்டில் இருப்பது நோய்த்தொற்று. எதிர்ப்புச் சக்தியை ஊசியைவிடப் பல மடங்கு பலமாகவும் பல நாள் தொடர்ந்தும் கிளறுவது அதுதான். லூபஸ் நோயாளிகளின் மரணத்துக்கு முக்கியக் காரணங்களில் ஒன்றும் அதுதான். கிளறிவிடும் என்று பயப்படுபவர் பயப்பட வேண்டியது கிருமியைப் பார்த்து.

இரண்டாவது ஆட்சேபம் கனமானது: தடுப்பூசியே தன்னுடல் தாக்குநோயை உண்டாக்கிய வரலாறு இருக்கிறதே? இருக்கிறது. அதை மறைத்து எழுதும் சுகாதாரக் கையேடுகள்தான் மக்களின் சந்தேகத்தை வளர்த்தன. 1976இல் அமெரிக்காவில் பன்றிக் காய்ச்சல் ஊசி ஏறக்குறைய நான்கரைக் கோடிப் பேருக்குப் போடப்பட்டபோது, நரம்புகளைத் தாக்கும் கில்லன்-பாரே நோய் லட்சம் பேருக்கு ஒருவர் என்ற அளவில் கூடியது. பயந்த கொள்ளைநோயோ வரவே இல்லை. 2009–10இல் பாண்டெம்ரிக்ஸ் என்ற ஃப்ளூ ஊசிக்குப் பின் ஃபின்லாந்திலும் சுவீடனிலும் பிள்ளைகளுக்கு நார்கொலெப்சி என்ற தூக்கநோய் வந்தது. எம்.எம்.ஆர். ஊசிக்குப் பின் சுமார் 30,000 முதல் 40,000 பேரில் ஒருவருக்கு இரத்தத் தட்டணுக்கள் தற்காலிகமாகக் குறைகின்றன. அஸ்ட்ராசெனகா ஊசிக்குப் பின் அபூர்வமாக வந்த இரத்தக்கட்டும் உடல் தனக்கெதிராகவே செய்த எதிர்ப்பொருளின் வேலை. இவற்றைக் கூர்ந்து பார்த்தால் இரண்டு விஷயம் புலப்படும். ஒவ்வொன்றும் குறிப்பிட்ட ஓர் ஊசியோடு கட்டப்பட்ட குறிப்பிட்ட ஒரு கேடு; "தடுப்பூசி" என்ற பொதுச் சொல்லுக்குள் எல்லாவற்றையும் கொட்டிவிட முடியாது. லட்சத்தில் ஒன்று என்ற அபூர்வமும் கண்டுபிடிக்கப்பட்டிருக்கிறது என்றால், பார்த்துக்கொண்டிருக்கும் கண்கள் இருக்கின்றன என்று பொருள். எதிர்ப்பக்கத்தில் தவறான எச்சரிக்கைகளும் உண்டு: ஹெபடைட்டிஸ் பி ஊசி மல்டிபிள் ஸ்கிளரோசிஸை உண்டாக்குகிறது என்ற பயத்தில் பிரான்ஸ் 1998இல் பள்ளிகளில் அந்த ஊசியை நிறுத்தியது, பின்னர் வந்த பெரிய ஆய்வுகளில் அந்தத் தொடர்பு நிற்கவில்லை. முந்தைய ஃப்ளூ ஊசிக்குப் பின் ஆறு வாரத்துக்குள் கில்லன்-பாரே வந்தவர், எம்.எம்.ஆர். ஊசிக்குப் பின் தட்டணு குறைந்தவர் ஆகியோர் மட்டும் அந்தந்த ஊசியை மருத்துவரோடு தனியாகப் பேசி முடிவெடுக்க வேண்டும். மற்றவர்களுக்கு இந்த வரலாறு விலகி நிற்கக் காரணம் ஆகாது.

மூன்றாவது ஆட்சேபம் மலையில் அடிக்கடி கேட்பது: "இந்த மருந்தோடு ஊசி போட்டாலும் பிடிக்காதாமே, அப்புறம் எதற்கு?" பாதி உண்மை. மெத்தோட்ரெக்சேட் எதிர்ப்பொருள் உருவாவதைக் குறைக்கும். ரிட்டுக்சிமாப் சில மாதங்களுக்கு ஏறக்குறைய அடைத்தே விடும். ஆனால் குறைந்த பாதுகாப்பும் பாதுகாப்புதான். கூட்டிக்கொள்ள வழியும் இருக்கிறது. கொரியாவில் முடக்குவாத நோயாளிகளிடம் நடந்த சோதனையில், ஃப்ளூ ஊசிக்குப் பின் இரண்டு வாரம் மெத்தோட்ரெக்சேட்டை நிறுத்திவைத்தவர்களுக்கு ஊசி நன்றாகப் பிடித்தது. பிரிட்டனில் 254 பேரிடம் கோவிட் ஊசிக்கு நடந்த சோதனையும் 2022இல் அதையே காட்டியது. நமக்கு இன்னும் நெருக்கமானது கொச்சியில் நடந்தது: அஸ்ட்ராசெனகா ஊசியின் இரண்டு தவணைக்கும் மருந்தை நிறுத்தியவர்களுக்கு எதிர்ப்பொருள் கூடியது, கூடவே மூட்டுநோயும் அதிகம் பேருக்குக் கிளம்பியது, இரண்டாம் தவணைக்கு மட்டும் நிறுத்தியபோது எதிர்ப்பொருள் ஏறக்குறைய அதே அளவு கிடைத்தது, நோய் கிளம்புவதும் குறைந்தது. கொச்சி ஆய்வை நான் இங்கே அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. நிறுத்துவதற்கும் ஒரு விலை இருக்கிறது என்பதை அது காட்டுகிறது. "ஊசி போட்டாச்சு, மருந்தை நிறுத்திட்டேன்" என்று தானாக முடிவெடுப்பவர் அந்த விலையைத் தன் விரல் மூட்டில் கொடுப்பார். இப்போதைய அமெரிக்க வழிகாட்டுதல், நோய் அடங்கியிருந்தால் ஃப்ளூ ஊசிக்குப் பின் மட்டும் இரண்டு வார மெத்தோட்ரெக்சேட்டைத் தவிர்க்கச் சொல்கிறது. பிரெட்னிசோலோனை ஊசிக்காகத் திடீரென்று நிறுத்துவது எந்த வழிகாட்டுதலிலும் கிடையாது. நீண்ட நாள் சாப்பிட்டவருக்கு அது உயிருக்கே உலை.

எப்போது போடுவது என்பதில் நிபுணர்களிடையே சிறு பிளவு. நோய் அடங்கிய காலத்தில் போடுவதை ஐரோப்பிய வழிகாட்டுதல் விரும்புகிறது. உயிரற்ற ஊசியை நோயின் நிலை எப்படியிருந்தாலும் போடலாம், ஒரே நாளில் ஒன்றுக்கு மேலும் போடலாம் என்கிறது அமெரிக்கக் கல்லூரி. என் கருத்தில், மலைக்காரர்களுக்கு இரண்டாவதே பொருந்தும். ஈப்போவுக்கு இறங்கும் ஒரு நாளைச் "சரியான நேரம் வரட்டும்" என்று வீணாக்கினால், அடுத்த வாய்ப்பு அடுத்த தேதிக்குத்தான். எல்லாவற்றையும்விட நல்ல நேரம் ஒன்று உண்டு: பலமான மருந்து தொடங்கும் முன். "அடுத்த மாதத்திலிருந்து ரிட்டுக்சிமாப் ஆரம்பிக்கலாம்" என்று மருத்துவர் சொன்ன அந்த நிமிடமே, எந்தெந்த ஊசியை இப்போது முடித்துவிடலாம் என்று கேளுங்கள். ஹெபடைட்டிஸ் பி இதில் முக்கியம், ஏனென்றால் ரிட்டுக்சிமாப் உறங்கிக் கிடக்கும் அந்தக் கிருமியை எழுப்பிவிடக்கூடியது. பிறந்த குழந்தைகளுக்கு அந்த ஊசி மலேசியாவில் 1989இலிருந்துதான் போடப்படுகிறது. அதற்கு முன் பிறந்தவர்களும், வெளிநாட்டிலிருந்து தோட்ட வேலைக்கு வந்தவர்களும் இரத்தப் பரிசோதனை செய்துகொள்ள வேண்டும். ரிட்டுக்சிமாப் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தால், ஃப்ளூ ஊசியைக் காத்திராமல் போடலாம். மற்றவற்றை அடுத்த தவணை வரும் சமயத்தில் போட்டுவிட்டு, மருந்தை இரண்டு வாரம் தள்ளிவைப்பது வழக்கம்.

மலை வாழ்க்கையில் ஊசி எதிர்ப்படும் இடங்கள் சில. பிரிஞ்சாங் இரவுச் சந்தையிலோ தோட்டத்துத் தேநீர்க் கடையிலோ உணவைக் கையாளும் வேலைக்குச் சேர்ந்தால் டைபாய்டு ஊசி போட்டாக வேண்டும், மூன்று ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும். கையில் போடும் டைபாய்டு ஊசி உயிரற்றது. மெத்தோட்ரெக்சேட்டில் இருப்பவரும் போடலாம். வாய்வழி மாத்திரையாக வரும் டைபாய்டு மருந்து உயிருள்ளது. எது தரப்போகிறார்கள் என்று கேட்டுவிட்டால் போதும். கொழுந்து வெட்டும் கத்தரி கையைக் கிழித்தால் டெட்டனஸ் ஊசிக்குத் தயங்க வேண்டாம். ரிட்டுக்சிமாப் போட்டு ஆறு மாதம் ஆகாதவர் மட்டும், மண் புகுந்த ஆழமான காயமானால், அதை அவசரப் பிரிவில் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். அவருக்கு ஊசி தனியாகப் போதாமல் போகலாம் என்பதால் தயார் எதிர்ப்பொருளும் சேர்த்துத் தர வேண்டிவரும். பிரசவம் இன்னொரு இடம். மலேசியாவில் பிறந்த குழந்தைக்கு வீட்டுக்கு அனுப்பும் முன்பே பி.சி.ஜி. போட்டுவிடுகிறார்கள். தாய் கர்ப்பத்தின் பிற்பாதியில் இன்ஃப்ளிக்சிமாப், அடாலிமுமாப் போன்ற மருந்து எடுத்திருந்தால் அது குழந்தையின் இரத்தத்திலும் மாதக்கணக்கில் தங்கும். இன்ஃப்ளிக்சிமாப் எடுத்த தாயின் குழந்தை பி.சி.ஜி.க்குப் பின் அந்தக் கிருமி உடலெங்கும் பரவி இறந்தது 2010இல் மருத்துவ இதழில் பதிவானது. அப்படிப்பட்ட குழந்தைக்குப் பி.சி.ஜி.யைப் பல மாதம் தள்ளிப்போட வேண்டும். பிரசவ வார்டில் இருக்கும் தாதிக்கு இதை நினைவுபடுத்தத் தாயையும் கூட இருக்கும் பாட்டியையும் விட்டால் ஆள் இல்லாமல் போகலாம். ஆறு நோய்களுக்கான கூட்டு ஊசி உயிரற்றது. அதை உரிய நாளில் போடலாம்.

உயிருள்ள ஊசி போட முடியாதவருக்கு அம்மையிலிருந்து காவல் யார்? அக்கம்பக்கத்தார்தான். 2019 நடுவில் கிளந்தான், குவா மூசாங் மாவட்டத்தின் கோலா கோ கிராமத்தில் பத்துக்கும் மேற்பட்ட பாத்தேக் பழங்குடியினர் அடுத்தடுத்து இறந்தபோது, பரவியிருந்தது தட்டம்மை என்று சுகாதார அமைச்சு உறுதிசெய்தது. கிளந்தான் கேமரன் மலைக்கு அடுத்த மாநிலம். ஊசி எட்டாத ஓரிடத்தில் தட்டம்மை நுழைந்தால் என்ன நடக்கும் என்பதற்கு வேறு உதாரணம் தேவையில்லை. அதனால் லயத்தில் ஒரு வீட்டில் லூபஸ் நோயாளி இருந்தால், அந்த வீட்டுப் பிள்ளைகள் ஒன்பதாம் மாதத்திலும் பன்னிரண்டாம் மாதத்திலும் எம்.எம்.ஆர். போட்டே ஆக வேண்டும். பிள்ளைக்குப் போட்ட ஊசி வீட்டு நோயாளியைத் தாக்கும் என்ற பயம் எம்.எம்.ஆர். விஷயத்தில் ஆதாரமற்றது. வாய்வழிப் போலியோ சொட்டு விதிவிலக்கு. மலேசிய அட்டவணையில் போலியோ இப்போது ஊசியாகவே வருவதால் அது இங்கே அரிதாகத்தான் எழும். ரோட்டாவைரஸ் சொட்டும் உயிருள்ளது; அதைக் குடித்த கைக்குழந்தையின் நாப்கினைச் சில வாரங்களுக்கு நோயாளியைத் தவிர வீட்டில் வேறு யாராவது மாற்றட்டும்.

ஊசி போட்ட அன்றும் மறுநாளும் கை வீங்கும், உடம்பு வலிக்கும், மூட்டும் குத்தும். பெரும்பாலும் இரண்டு மூன்று நாளில் அடங்கிவிடும். அதைத் தாண்டியும் காலையில் கத்தரியின் பிடியைப் பற்ற விரல் மடங்காமல் ஒரு மணி நேரம் விறைத்து நின்றால், புதிதாகத் தடிப்போ வாய்ப்புண்ணோ வந்தால், அது உங்கள் நோய் கிளம்புவதாக இருக்கலாம். அடுத்த தேதிவரை காத்திராமல் மருத்துவமனையைத் தொலைபேசியில் அழையுங்கள். காய்ச்சல் மூன்றாம் நாளும் இறங்காவிட்டால் அதை ஊசியின் தலையில் போட்டு எம்.சி. வாங்கிப் படுத்திருக்கக் கூடாது. எதிர்ப்புச் சக்தியை அடக்கும் மருந்தில் இருப்பவருக்கு அது வேறொரு தொற்றாக இருக்கலாம், அன்றே இரத்தம் பார்க்க வேண்டும். ஊசியால் கெடுதல் வந்தது என்று நீங்கள் நினைத்தால், மருத்துவர் சொல்லும்வரை காத்திருக்கத் தேவையில்லை. பயனீட்டாளர்களே தேசிய மருந்து ஒழுங்குமுறை நிறுவனத்துக்கு நேரடியாக அறிக்கை அனுப்பலாம். ஊசியின் பெயர், தொகுதி எண், போட்ட தேதி மூன்றும் அதற்கு வேண்டும். கிளினிக்கை விட்டு வெளியே வரும் முன்பே அவற்றை அட்டையில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். அதே அட்டையின் பின்பக்கத்தில் இப்போது சாப்பிடும் மருந்துகளின் பெயரையும் அளவையும் எழுதிவைத்தால், அடுத்த ஊசிக்குப் போகும்போது தாதி கேட்கும் கேள்விக்கு அதையே நீட்டிவிடலாம்.